வழி தெரிந்தவர்கள்

எந்த மாயக்கதையை எடுத்துக்கொண்டாலும் அதில் தனியாகப் போகக்கூடாத ஓர் இடம் இருக்கும். அது காடாக இருக்கலாம், பாலைவனமாக இருக்கலாம், நட்சத்திரங்களுக்கு நடுவே உள்ள இருட்டாகவும் இருக்கலாம். போனவர்கள் திரும்பியதில்லை. ஆனாலும் அங்கே போய்த்தான் ஆகவேண்டும், இல்லாவிட்டால் கதை நகராது. அந்த நேரம் பார்த்து ஓர் ஆள் வருவார். அதிகம் பேசமாட்டார். எந்த ஊர், யாருடைய பிள்ளை என்று கேட்டால் பதில் வராது. தான் கால் வைத்த இடத்தில் மட்டும் கால் வைக்கச் சொல்லிவிட்டு முன்னே நடப்பார்.

பெரும்பாலும் அவர் தனி ஆள் இல்லை. அவருக்குப் பின்னால் ஒரு கூட்டம் இருக்கும். அந்த ஆபத்தான நிலத்தில் வழி எது, பள்ளம் எது என்று தலைமுறை தலைமுறையாகத் தெரிந்து வைத்திருக்கும் கூட்டம். வெளியாட்களிடம் வாய் திறக்காத கூட்டம்.

படிக்கும்போது நம் கண் எல்லாம் கதாநாயகன் மேல்தான் இருக்கும். வழி காட்டியவரை அடுத்த அத்தியாயத்தில் மறந்துவிடுவோம். கொஞ்சம் நின்று அவர்களைப் பார்த்தால் சில சங்கடமான கேள்விகள் எழுகின்றன. அந்தப் பாதை எப்படிப் பாதுகாப்பானதாக ஆயிற்று? அதற்கு யார் விலை கொடுத்தார்கள்? அந்த விலை பயணிக்குத் தெரியுமா? தெரியாமல் வைத்திருப்பதால் யாருக்கு லாபம்?

இந்தக் கேள்விகளைக் கையில் வைத்துக்கொண்டு மூன்று கதைகளுக்குள் போய்ப் பார்க்கலாம். (கதைகளின் முடிவுகளும் பேசப்படுகின்றன. இனிமேல்தான் படிக்கப்போகிறேன் என்பவர்கள் இங்கேயே இறங்கிக்கொள்ளலாம்!)

பாதையை விற்பவர்கள்

முதல் கதை ஃபிராங்க் ஹெர்பர்ட் எழுதிய 'ட்யூன்'. 1965இல் புத்தகமாக வந்தது. டேவிட் லிஞ்ச் 1984இல் படமாக எடுத்தார். டெனி வில்நெவ் இயக்கிய இரண்டு பாகங்கள் 2021, 2024ஆம் ஆண்டுகளில் வந்த பிறகு அராக்கிஸ் என்ற பாலைவனக் கிரகத்தைத் தெரியாதவர்கள் குறைவு. பிரம்மாண்டமான மணற்புழுக்கள், மெலான்ஜ் என்ற ஸ்பைஸ், அதற்காக அடித்துக்கொள்ளும் பிரபுக் குடும்பங்கள். ஆனால் இந்த மொத்தக் கதையும் சுற்றுவது படங்களில் அதிகம் தலைகாட்டாத ஒரு கூட்டத்தை அச்சாக வைத்துத்தான். அதன் பெயர் ஸ்பேசிங் கில்ட்.

கில்ட் என்றால் ஒரு தொழிலில் இருப்பவர்கள் கூடி அமைத்துக்கொண்ட சங்கம். இந்தச் சங்கத்தின் தொழில், ஒரு கிரகத்திலிருந்து இன்னொரு கிரகத்துக்கு ஆட்களையும் சரக்கையும் கொண்டுபோய்ச் சேர்ப்பது. அந்த உலகத்தில் சிந்திக்கும் இயந்திரங்களுக்குத் தடை. ஒரு பெரிய புரட்சிக்குப் பிறகு கணினிகளை எல்லாம் ஒழித்துவிட்டார்கள். அப்படியானால் நட்சத்திரங்களுக்கு நடுவே அத்தனை வேகத்தில் போகும் கப்பலுக்கு வழி சொல்வது யார்? மனிதர்கள்தான். கில்டின் மாலுமிகள் ஸ்பைஸை உட்கொண்டு, வரப்போகும் நொடிகளை மங்கலாகவாவது முன்கூட்டியே பார்க்கிறார்கள். பல பாதைகளில் எது மோதாமல் போய்ச் சேரும் என்று பார்த்து அதைத் தேர்ந்தெடுக்கிறார்கள்.

இதை வேறு யாராலும் செய்யமுடியாது. ஆகவே கில்ட் சொன்னதுதான் கட்டணம், கில்ட் வைத்ததுதான் சட்டம். வங்கித் தொழிலும் அவர்கள் கையில். பேரரசின் நாட்காட்டியே அவர்களுடைய ஏகபோகம் தொடங்கிய நாளிலிருந்துதான் கணக்கிடப்படுகிறது. கதை நடக்கும் ஆண்டு 10191 என்றால், பத்தாயிரம் வருடங்களுக்கு மேலாக ஒரே கம்பெனியிடம் டிக்கெட் வாங்கிக்கொண்டிருக்கிறார்கள் என்று அர்த்தம்!

கில்டின் கப்பலில் ஏறிவிட்டால் ஒன்றும் ஆகாது. ஜென்ம விரோதிகளான ஹார்கோனன் குடும்பத்தின் கப்பல்கள் அதே பெரிய கப்பலின் வயிற்றுக்குள் பக்கத்திலேயே இருக்கும் என்று லெட்டோ பிரபு மகன் பாலிடம் சொல்கிறார். பயப்படவேண்டாம் என்றும் சொல்கிறார். அங்கே வம்பு செய்தால் கில்ட் இனி ஏற்றிக்கொள்ளாது, அதைவிடப் பெரிய தண்டனை கிடையாது. வழி பாதுகாப்பாக இருப்பதற்குக் காரணம் அன்பு இல்லை, 'உன்னை இறக்கிவிட்டுவிடுவேன்' என்ற மிரட்டல்.

அதே உரையாடலில், கில்ட் ஆட்களை நேரில் பார்க்கலாமா என்று பால் ஆசையோடு கேட்கிறான். முடியாது என்கிறார் அப்பா. ஏகபோகத்தை எவ்வளவு கவனமாகக் காக்கிறார்களோ அவ்வளவு கவனமாகத் தங்கள் முகத்தையும் மறைத்துக்கொள்பவர்கள் அவர்கள். அவர்களுக்கு வேலை செய்யும் ஏஜெண்டுகள்கூட அவர்களைப் பார்த்ததில்லை.

ஏன் இத்தனை ஒளிவுமறைவு? நாவலின் கடைசியில்தான் அதற்குப் பதில் வருகிறது. தோற்றுப்போன பேரரசரோடு நிற்கும் இரண்டு கில்ட் ஆட்களில் ஒருவர் ஒரு கண்ணைக் கையால் மூடிக்கொண்டிருக்கிறார். யாரோ இடித்ததில் கை விலகுகிறது. கண்ணை மறைக்கும் கான்டாக்ட் லென்ஸ் விழுந்துபோயிருக்கிறது. உள்ளே கருமை தட்டிய முழு நீலம். ஸ்பைஸுக்கு அடிமையானவர்களின் கண் அது. வெளி உலகத்துக்கு, இது வெறும் கணிதப் பயிற்சி கொடுக்கும் பள்ளி என்று பெயர். உண்மையில் ஸ்பைஸ் இல்லாவிட்டால் அந்த மாலுமிகளுக்குக் கண் தெரியாது, உயிரும் தங்காது. அந்த ஸ்பைஸ் கிடைப்பது ஒரே ஒரு கிரகத்தில்.

ஆக, கில்ட் அத்தனை ஆண்டுகள் பொத்திப் பொத்தி வைத்த ரகசியம் தங்கள் பலம் இல்லை, பலவீனம்! அதைப் பால் பிடித்துவிடுகிறான். ஸ்பைஸையே அழித்துவிடுவேன் என்கிறான். அவன் சொன்னதைச் செய்யக்கூடியவன் என்று அவர்களின் முன்னறிவே அவர்களுக்குக் காட்டிவிடுகிறது. வானத்தில் நின்ற மொத்தக் கப்பல் படையும் திரும்பிப் போகிறது.

இன்னொரு விஷயத்தையும் பால் யோசித்துப் பார்க்கிறான். கில்ட் நினைத்திருந்தால் அராக்கிஸைத் தாங்களே பிடித்து ஆண்டிருக்கலாம். ஆனால் எதிர்காலத்தைப் பார்க்கும் ஒவ்வொரு முறையும் அவர்கள் ஆபத்தில்லாத பாதையையே தேர்ந்தெடுத்தார்கள். இன்றைக்கு மோதல் இல்லை, நாளைக்கும் இல்லை. அப்படியே ஒவ்வொரு படியாக இறங்கி, நகரவே முடியாத ஒரு தேக்கத்தில் வந்து நின்றார்கள். பாதுகாப்பான பாதையைத் தேர்ந்தெடுத்தே பழகியவனுக்கு, பாதுகாப்பான பாதை எதுவும் மிச்சமில்லாத நாளில் என்ன செய்வது என்று தெரியவில்லை.

1969இல் வந்த இரண்டாம் நாவலான 'ட்யூன் மெசையா'வில் எட்ரிக் என்ற மாலுமியை நேரிலேயே காட்டுகிறார் ஹெர்பர்ட். ஆரஞ்சு நிற வாயு நிரம்பிய தொட்டிக்குள் மீன் மாதிரி மிதக்கிற உருவம். பாலுக்கு எதிராகச் சதி செய்பவர்கள் அவனை ஏன் கூட வைத்துக்கொள்கிறார்கள் தெரியுமா? எதிர்காலத்தைப் பார்க்கும் ஒருவன் பக்கத்தில் இருந்தால், அதே சக்தி உள்ள இன்னொருவனால் அங்கே நடப்பதைப் பார்க்கமுடியாது. பிறருக்கு வழி காட்டும் சக்தியே மறைப்பதற்கான திரையாகவும் ஆகிவிடுகிறது.

முடிவில் கில்ட் என்ன ஆயிற்று? 1984இல் வந்த ஐந்தாம் நாவலுக்குள் இக்ஸ் என்ற கிரகத்துக்காரர்கள் மாலுமியின் வேலையைச் செய்யும் இயந்திரத்தைச் செய்துவிடுகிறார்கள். ஏகபோகம் உடைகிறது. வழியைப் பூட்டி வைத்தே பிழைத்தவர்களுக்கு, பூட்டைத் திறக்கும் வேறொரு சாவி வந்த அன்றைக்கே சாயம் வெளுக்கத் தொடங்கிவிட்டது.

இது வெறும் கற்பனையா?

இல்லை. இந்தியப் பெருங்கடல் இதைப் பார்த்திருக்கிறது. 16ஆம் நூற்றாண்டில் போர்த்துகீசியர்கள் 'கர்தாஸ்' என்ற அனுமதிச் சீட்டை இங்கே கொண்டுவந்தார்கள். அதுவரை அரபுகளும் குஜராத்திகளும் மலபார்க்காரர்களும் தமிழ் வணிகர்களும் சீட்டு எதுவும் இல்லாமல் போய்வந்த கடல் அது. இனி சீட்டு வாங்கவேண்டும், போர்த்துகீசியக் கோட்டை இருக்கும் துறைமுகத்தில் நின்று சுங்கம் கட்டவேண்டும். சீட்டு இல்லாத கப்பலைப் பிடித்துக்கொள்ளலாம். வணிகர்கள் எந்த ஆபத்திலிருந்து காப்பாற்றிக்கொள்ளப் பணம் கொடுத்தார்கள்? பெரும்பாலும் சீட்டை விற்றவரின் பீரங்கியிலிருந்துதான்.

அதே போர்த்துகல், தான் கண்டுபிடித்த கடல்வழிகளைக் குறித்த மூலப் படத்தை லிஸ்பனில் பூட்டி வைத்திருந்தது. 1502இல் ஃபெராரா பிரபுவுக்காக வேலை பார்த்த ஆல்பர்ட்டோ கன்டீனோ என்பவர் வழியாக ஓர் உலகப் படம் ரகசியமாக இத்தாலிக்குப் போய்ச் சேர்ந்தது. இன்றும் மொடேனா நகர நூலகத்தில் அது 'கன்டீனோ படம்' என்ற பெயரில் இருக்கிறது. வரைந்தவர் யார் என்று தெரியாது. கடத்திக்கொண்டு வந்தவர் பெயர் நிலைத்துவிட்டது!

அவ்வளவு பழைய காலத்துக்குக்கூடப் போகவேண்டாம். அமெரிக்காவின் ஜிபிஎஸ் செயற்கைக்கோள்கள் 2000ஆம் ஆண்டு மே மாதம் வரை பொதுமக்களுக்கான சிக்னலை வேண்டுமென்றே கொஞ்சம் கலக்கித்தான் அனுப்பிக்கொண்டிருந்தன. சரியான இடம் ராணுவத்துக்கு மட்டும், மற்றவர்களுக்குச் சுமார் 100 மீட்டர் வரை பிழையோடு. அந்த மாதம் அந்தக் கலக்கலை நிறுத்தினார்கள். கையில் உள்ள போன், தெருமுனையைச் சரியாகக் காட்டுவதற்கு அந்த முடிவும் ஒரு காரணம்.

பாதையை மறைந்து காப்பவர்கள்

இரண்டாவது கதையில் இதற்கு நேர் எதிரான கூட்டம் இருக்கிறது. ஜே.ஆர்.ஆர். டோல்கீன் எழுதி 1954, 1955ஆம் ஆண்டுகளில் வெளிவந்த 'த லார்ட் ஆஃப் த ரிங்ஸ்'. அதில் வரும் வடக்குத் தேசத்து ரேஞ்சர்கள்.

இவர்களுக்கு ஒரு காலத்தில் ராஜ்யம் இருந்தது. கதை நடப்பதற்கு ஆயிரம் வருடங்களுக்கு முன்பே அது அழிந்துவிட்டது. மிஞ்சிய வம்சத்தார் அரண்மனையை மீட்கப் போகவில்லை. பழுப்பேறிய மேலங்கியைப் போர்த்திக்கொண்டு காட்டுக்குள் போய்விட்டார்கள். அப்போதிருந்து அவர்கள் வேலை ஒன்றுதான். பாழடைந்த அந்த நிலப்பரப்பில் இன்னும் விளக்கு எரிந்துகொண்டிருக்கும் சில ஊர்களைச் சுற்றிக் காவல் நிற்பது. ஓநாய்களும் ஓர்க்குகளும் அதைவிடக் கொடிய உருவங்களும் அந்த ஊர்ப் பாதைகளுக்கு வராமல் தடுப்பது.

ஊர்க்காரர்களுக்கு இது தெரியாது. பிரீ என்ற ஊரில் இவர்களை நாடோடிகள் என்றும், கொஞ்சம் ஜாக்கிரதையாக இருக்கவேண்டியவர்கள் என்றும் நினைக்கிறார்கள். ரேஞ்சர்களின் பதினாறாவது தலைவன், ஒரு பேரரசின் வாரிசு, அரகார்ன். அவனுக்கு அந்த ஊரில் பெயர் ஸ்ட்ரைடர். எட்டி நடைபோட்டுத் திரிபவன் என்ற அர்த்தத்தில் வைத்த இளப்பமான பெயர். சத்திரத்தின் முதலாளி பட்டர்பர் அவனை நம்பவேண்டாம் என்றே விருந்தாளிகளிடம் சொல்கிறார்.

அரகார்ன் இதைப் பற்றிப் பேசும் இடம் ஒன்று உண்டு. சாதாரண மக்கள் பயமும் கவலையும் இல்லாமல் வாழவேண்டும் என்றால், காவல் இருப்பதே அவர்களுக்குத் தெரியக்கூடாது என்கிற பொருளில் பேசுவான். அவனுடைய உறவினன் ஹல்பராடும் ஷயரின் எல்லையைக் காக்கும் நீண்ட உழைப்பு அங்குள்ள ஹாபிட்டுகளுக்குத் தெரியாது, அதைப் பற்றி வருத்தமும் இல்லை என்பான். அந்த ஹல்பராடு பிறகு கோண்டோர் போரில் இறந்துபோகிறான். டோல்கீன் இறந்த பிறகு 1980இல் வந்த 'அன்ஃபினிஷ்ட் டேல்ஸ்' நூலில் இன்னொரு செய்தி. கறுப்புக் குதிரை வீரர்கள் ஷயருக்குள் நுழைய வந்தபோது சார்ன் ஆற்றுத்துறையில் ரேஞ்சர்கள் அவர்களை மறித்து நின்று தோற்றார்கள், சிலர் இறந்தார்கள். சில மைல் தூரத்தில் ஹாபிட்டுகள் தூங்கிக்கொண்டிருந்தார்கள்.

இதைப் படிக்கும்போது ரயில் பாதையில் நடக்கும் கீமேன் ஞாபகம் வரும். கையில் சுத்தியலோடு, தண்டவாளத்தைப் பிடித்திருக்கும் கொக்கிகளை ஒவ்வொன்றாகப் பார்த்துத் தட்டிக்கொண்டே தினமும் நடப்பவர். மழைக்காலத்தில் இரவிலும் ரோந்து உண்டு. ரயிலில் ஜன்னலோரம் தூங்குகிறவருக்கு அவர் யார் என்று தெரியாது. தெரியவேண்டிய அவசியம் வராமல் இருப்பதுதான் அவருடைய வேலை.

கில்ட் மாலுமிக்கும் ரேஞ்சருக்கும் என்ன வித்தியாசம் என்பது இப்போது தெளிவு. முன்னவர் தன் பலவீனத்தை மறைக்கிறார். பின்னவர் தன் உழைப்பை மறைக்கிறார். முன்னவருக்குக் கட்டணம் உண்டு, பின்னவருக்கு ஏச்சுதான் உண்டு. இதோடு நிறுத்திக்கொண்டால் நல்லவன், கெட்டவன் கதையாக முடிந்துவிடும். டோல்கீன் அப்படி விடவில்லை.

போர் வந்ததும் அரகார்னைத் தேடி முப்பது ரேஞ்சர்கள் தெற்கே போகிறார்கள். வடக்கில் காவல் குறைந்தது. அதே வருடம் ஹாபிட்டுகள் ஊர் திரும்பும் வழியில் பிரீயில் தங்கும்போது பட்டர்பர் புலம்புகிறார். ரவுடிகள் வந்தார்கள், சண்டையில் ஊர்க்காரர்கள் செத்தார்கள், சத்திரத்துக்கு ஆள் வருவதில்லை. ரேஞ்சர்கள் போய்விட்டார்களாம், அவர்கள் நமக்குச் செய்துகொண்டிருந்தது என்னவென்று இப்போதுதான் புரிகிறது என்கிற மாதிரி சொல்வார். முன்பு ஸ்ட்ரைடரை நம்பாதே என்றவர் இவர்தான்.

ஷயரில் நிலைமை இன்னும் மோசம். சருமானின் அடியாட்கள் ஊரையே பிடித்துவைத்திருக்கிறார்கள். மரங்களை வெட்டி, விளைச்சலைப் பறித்து, எதிர்த்தவர்களைச் சிறையில் போட்டிருக்கிறார்கள். ஹாபிட்டுகள் கோழைகள் இல்லை. ஆனால் அவர்களுக்கு ஆபத்து எப்படி இருக்கும் என்றே தெரியாது. தலைமுறை தலைமுறையாக யாரோ அவர்களுக்காக அதைத் தடுத்து வைத்திருந்தார்கள். யாரோ தடுக்கிறார்கள் என்பதையும் சொல்லவில்லை. தெரிந்திருந்தால்தானே தயாராக இருப்பார்கள்?

ஊரை எழுப்பிவிடுவது யார் என்று பாருங்கள். ஃப்ரோடோவோடு போய்த் திரும்பிய சாம், மெர்ரி, பிப்பின். அதாவது வழிகாட்டியோடு அந்த ஆபத்தான பாதையில் நடந்தவர்கள். எங்கே ஒளியவேண்டும், எப்போது நிற்கவேண்டும் என்று கூடவே நடந்து கற்றவர்கள். பைவாட்டர் சண்டையில் எழுபது பேர் அளவுக்கு அடியாட்கள் சாகிறார்கள். ஹாபிட்டுகள் பத்தொன்பது பேர் உயிரை விடுகிறார்கள். ரகசியமாகச் செய்யப்பட்ட உதவிக்கும் ஒரு பில் உண்டு. அது தாமதமாக வருகிறது, அவ்வளவுதான்.

பாதையைத் தனியாக வைத்திருப்பவர்கள்

சங்கமும் வேண்டாம், காவலும் வேண்டாம், தனித்தனி ஆட்களே வழி தெரிந்து வைத்துக்கொள்ளட்டும் என்றால்? அதற்கும் ஒரு கதை இருக்கிறது. ரஷ்ய எழுத்தாளர்களான அர்காடி, போரிஸ் ஸ்ட்ருகாட்ஸ்கி சகோதரர்கள் எழுதி 1972இல் வந்த 'ரோட்சைட் பிக்னிக்'. தர்கோவ்ஸ்கி 1979இல் எடுத்த 'ஸ்டாக்கர்' படத்துக்கு மூலம் இதுதான்.

வேற்றுலகவாசிகள் எங்கிருந்தோ வந்து, சற்று நேரம் இருந்துவிட்டுப் போய்விட்டார்கள். அவர்கள் இறங்கிய இடங்களில் பூமியின் விதிகள் எதுவும் செல்லுபடியாகவில்லை. அந்த இடத்துக்குப் பெயர் ஸோன். திடீரென்று ஓரிடத்தில் புவியீர்ப்பு பல மடங்காகி ஆளை நசுக்கிவிடும். கண்ணுக்கு ஒன்றும் தெரியாது. உள்ளே விலைமதிப்பில்லாத விநோதப் பொருட்கள் கிடக்கின்றன. அவற்றைத் திருட்டுத்தனமாக எடுத்துவந்து விற்பவர்கள்தான் ஸ்டாக்கர்கள்.

அவர்களின் கருவி என்ன தெரியுமா? இரும்பு நட்டுகள். ஒரு நட்டை முன்னால் வீசிப் பார்ப்பார்கள். நேராகப் போய் விழுந்தால் அதுவரை நடக்கலாம். பாதி வழியில் கீழே இழுக்கப்பட்டால் அந்த இடத்தைச் சுற்றிப் போகவேண்டும். நேர்வழி கிட்டத்தில் இருக்கும், ஆனால் உயிர் போய்விடும். படத்தில் அந்த நட்டுகளுக்குத் துணி வால் கட்டியிருப்பார்கள், விழுந்த இடம் தெரிவதற்காக.

இவர்களுக்குள் சங்கம் இல்லை. ஒருவன் கண்டுபிடித்த வழியை இன்னொருவனுக்குச் சொல்லமாட்டான். அவன் செத்தால் வழியும் சேர்ந்து சாகும். அடுத்தவன் முதலிலிருந்து நட்டு வீசவேண்டும், அல்லது முதலிலிருந்து சாகவேண்டும். கதாநாயகன் ரெட்ரிக் ஷூஹார்ட், இருப்பவர்களில் கெட்டிக்காரன், மனசாட்சியும் உள்ளவன். கால் போன கிழட்டு ஸ்டாக்கர் பர்பிரிட்ஜை விட்டுவிட்டு வராமல் தூக்கிக்கொண்டு வந்தவன்.

அதே ரெட்ரிக் கடைசி அத்தியாயத்தில் என்ன செய்கிறான்? கேட்டதைக் கொடுக்கும் தங்க உருண்டை ஒன்று ஸோனுக்குள் இருக்கிறது. அதற்குப் போகும் வழியில் ஒரு கண்ணி. அது ஓர் ஆளைப் பலி வாங்கிவிட்டால் சிறிது நேரம் சும்மா இருக்கும். அந்த இடைவெளியில் அடுத்தவர் கடந்துவிடலாம். ரெட்ரிக் இது தெரிந்தே பர்பிரிட்ஜின் மகனான ஆர்தர் என்ற இளைஞனைக் கூட்டிப்போகிறான். பையனுக்கு ஒன்றும் தெரியாது. உருண்டையைப் பார்த்ததும் எல்லோருக்கும் மகிழ்ச்சி கிடைக்கட்டும், யாரும் விடுபடக்கூடாது என்று ஆனந்தமாகக் கத்திக்கொண்டே ஓடுகிறான். செத்துப்போகிறான். வழி திறக்கிறது. உருண்டை முன் போய் நின்ற ரெட்ரிக்குக் கேட்பதற்கு என்று சொந்தமாக ஒரு வார்த்தையும் வரவில்லை. தான் பலி கொடுத்த பையனின் வார்த்தைகளே வாயில் வருகின்றன.

மூன்று கதைகளில் இதுதான் மிகக் கொடுமையானது, மிக நேர்மையானதும்கூட. பாதை எதனால் ஆனது என்று மூடி மறைக்காமல் காட்டிவிடுகிறது. பாதுகாப்பான தடம் என்று நாம் நடக்கும் எல்லாவற்றுக்கும் கீழே, அது பாதுகாப்பாக இல்லாதபோது நடந்த யாரோ ஒருவர் இருக்கிறார்.

பிறகு எப்படித்தான் இருக்கவேண்டும்?

மூன்று வகை வழிகாட்டிகள், மூன்று வகைப் பயணிகள். கில்டின் பயணி அடிமையாகிறார். ரேஞ்சரின் பயணி குழந்தையாகவே இருந்துவிடுகிறார். ஸ்டாக்கரின் பயணி பலியாகிறார், அல்லது பலிக்கு உடந்தையாகிறார். மூன்றிலும் பொதுவாக இருப்பது ஒன்று, பயணிக்கு வழி தெரியாது என்பது.

மாயலோகத்தை விடுங்கள். பன்னிரண்டாம் வகுப்பு முடித்த ஒரு பையனோ பெண்ணோ வீட்டில் உட்கார்ந்திருக்கும் அந்த இரண்டு மாதங்களை யோசித்துப் பாருங்கள். வழி தெரிந்தவர்கள் வரிசையாக வருவார்கள். மாமா வருவார், சித்தப்பா வருவார், டியூஷன் மாஸ்டர் வருவார், பணம் வாங்கிக்கொண்டு ஆலோசனை சொல்கிறவர்களும் வருவார்கள். எல்லோரும் சொல்வது ஒரே வார்த்தை, 'சேஃப்'. இந்தப் படிப்பு சேஃப், அந்த வேலை சேஃப். அவர்களில் பாதிப் பேர் உண்மையான அக்கறையோடு சொல்கிறார்கள், அதில் சந்தேகம் இல்லை. ஆனால் இந்த வழியில் யார் எங்கே விழுந்தார்கள், ஏன் அந்தப் பக்கம் போகக்கூடாது என்று விவரமாகச் சொல்பவர்கள் மிகக் குறைவு. 'சொன்னால் கேள்' என்பதோடு முடிந்துவிடும். ஒவ்வொரு திருப்பத்திலும் ஆபத்தில்லாததை மட்டும் தேர்ந்தெடுத்த கில்ட் மாலுமிகள் எங்கே போய் நின்றார்கள் என்று அவர்கள் படித்திருக்க வாய்ப்பில்லை.

வழிகாட்டியே வேண்டாம் என்று சொல்வதற்கில்லை. நட்டு வீசாமல் ஸோனுக்குள் ஓடுவது வீரம் ஆகாது. ஃப்ரோடோ தனியாகப் போயிருந்தால் பிரீயைத் தாண்டியிருக்கமாட்டான். வழி தெரிந்தவர்கள் வேண்டும். அவர்களிடம் கேட்கவேண்டிய கேள்விகளும் தெரிந்திருக்கவேண்டும்.

எனக்கும் இந்த வழி தெரிந்துவிட்டால் உங்களுக்கு என்ன நஷ்டம்? நீங்கள் இல்லாத நாளில் இந்தப் பாதை என்ன ஆகும்? இதைக் கண்டுபிடிக்க யார் விழுந்தார்கள்?

முதல் கேள்விக்குக் கில்டால் பதில் சொல்லமுடியாது. இரண்டாவதுக்கு ரேஞ்சர்களால் முடியாது. மூன்றாவதுக்கு ரெட்ரிக்கால் முடியாது. மூன்றுக்கும் முகம் சுளிக்காமல் பதில் சொல்கிறவர் ஒருவர் கிடைத்தால் தைரியமாக அவர் பின்னால் போகலாம். அப்படிப்பட்டவர் அநேகமாகக் கொஞ்ச தூரம் போனதும் நின்று, நட்டை எடுத்து நம் கையில் கொடுத்து, இந்த முறை நீ வீசு என்று சொல்வார்.